நாட்டுக்கே அம்மா!

குட்டீஸ், மே மாதம் இரண்டாவது ஞாயிறு அன்னையர் தினம் என்பது உங்களுக்குத் தெரியும். ஜெர்மனியிலும் அதே நாள்தான். 1965 முதல் 1971 வரை அன்னையர் தினம் வந்துவிட்டால், மேற்கு ஜெர்மனியில் பல வீடுகளில் குடும்பமே தொலைக்காட்சிப் பெட்டி முன் உட்கார்ந்துவிடும். காரணம், ஒரு தொடர். 'திருத்த முடியாதவர்கள்' என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். ஆண்டுக்கு ஒரே ஒரு பகுதிதான் ஒளிபரப்பாகும். மொத்தமே 7 பகுதிகள். தினமும் தொடர் பார்க்கும் உங்கள் பாட்டியிடம் இதைச் சொல்லுங்கள், நம்பவே மாட்டார்!

ஷோல்ட்ஸ் என்ற சாதாரணக் குடும்பத்தின் கதை அது. கணவர் ஒரு பக்கம், பிள்ளைகள் ஒரு பக்கம் தலைவலி கொடுக்க, எல்லாவற்றையும் சமாளிக்கும் அம்மாவாக நடித்தவர் இங்கே மைசல். பெயரைப் படித்துச் சிரிக்காதீர்கள். 'இங்கே' என்பது ஜெர்மனியில் பெண்களுக்கு வைக்கும் பெயர். நாட்டின் அம்மா என்றே மக்கள் அவரை அழைத்தார்கள். ஆனால் அவருக்குச் சொந்தமாகக் குழந்தைகள் இல்லை.

இங்கே, 1910 மே 30 அன்று பெர்லினை ஒட்டிய ரிக்ஸ்டார்ஃப் என்ற ஊரில் பிறந்தார். அப்பா யூதர், வியாபாரி. அம்மா டென்மார்க் நாட்டுக்காரர். நடிப்புப் பள்ளியில் படித்துவிட்டு, 1930இல் ஸ்விக்காவ் என்ற ஊரில் மேடையேறினார். அடுத்து லைப்சிக், பெர்லின் என்று பெரிய நகரங்களிலும் வாய்ப்பு வந்தது.

அந்த நேரத்தில்தான், 1933 ஜனவரியில், ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். யூதர்களை வேலையிலிருந்தும் பள்ளியிலிருந்தும் விரட்டிய ஆட்சி அது. பின்னர் சுமார் 60 லட்சம் யூதர்களைக் கொன்று குவித்தது. அப்பா யூதர் என்ற ஒரே காரணத்துக்காக இங்கே நடிக்கக்கூடாது என்று தடை விழுந்தது. அப்போது அவருக்கு 22 வயதுதான்!

ஒரு நடிகைக்கு 22 முதல் 35 வரை எவ்வளவு முக்கியமான வயது, யோசித்துப் பாருங்கள். கதாநாயகியாக நடிக்க வேண்டிய அந்த ஆண்டுகளில் அவர் தொலைபேசி இணைப்பகத்தில் வேலை பார்த்தார். தொழில்நுட்ப வரைபடங்கள் வரைந்து கொடுத்தார். அவருடைய அப்பா போர் முடியும்வரை ஒளிந்திருந்து உயிர் பிழைத்தார்.

1945இல் போர் முடிந்தது. தடையும் போனது. ஹாம்பர்க் நகரின் தாலியா நாடக அரங்கில் மறுபடி நடிக்க ஆரம்பித்தார். இளமை வேடங்களுக்கான காலம் போய்விட்டதே என்று அவர் மூலையில் உட்காரவில்லை. கிடைத்த வேடத்தை எல்லாம் ஏற்றார். சினிமாவிலும் சின்னச் சின்ன வேடங்கள் வந்தன.

பெரிய புகழ் கிடைத்தபோது அவர் ஐம்பதை நெருங்கிவிட்டார். 1959இல் பெர்லினில் ஒரு நாடகம். அடுக்குமாடிக் கட்டடத்தைப் பார்த்துக்கொள்ளும் ஓர் ஏழை அம்மா. பிள்ளைகள் எப்படியாவது பெரிய ஆளாக வேண்டும் என்று கனவு காண்கிறார். எங்கள் வீட்டு அம்மாவும் இப்படித்தான் என்று சொல்லத் தோன்றும் வேடம் அது. அது தொலைக்காட்சியிலும் வந்தது. அந்த அம்மா வேடம்தான் ஷோல்ட்ஸ் குடும்பத்துக்கும் வழி திறந்தது.

திரையில்தான் சாது அம்மா. நிஜத்தில் மனதில் பட்டதைப் பட்டென்று பேசிவிடுவார். 1981இல் ஜெர்மன் அரசு அவருக்கு உயரிய விருதான கூட்டாட்சிச் சிலுவையைத் தர முன்வந்தது. ஒழுங்காக வாழ்ந்ததற்கெல்லாம் பதக்கம் எதற்கு என்று மறுத்துவிட்டார்! அதே ஆண்டில் 'சிவப்புக் காலுறை' என்ற சிறுவர் படத்தில், ஒரு சிறுமியின் தோழியாகும் வயதான பெண்மணியாக நடித்தார்.

கடைசிக் காலத்தில் அவருக்கு ஞாபக சக்தி குறைந்துவிட்டது. ஆனாலும் நடிப்பை விடவில்லை. 90 வயதைத் தாண்டிய பிறகும் ஒரு துப்பறியும் தொடரில் பாட்டியாக வந்தார். 2004இல் அது ஒளிபரப்பானது. அதே ஆண்டு ஜூலை 10 அன்று, ஹாம்பர்க் அருகே இருந்த தன் வீட்டில் 94ஆவது வயதில் காலமானார்.