நம்ம ஊர் மிருதங்கம்



நம்ம மாவட்டத்துக்கு யாரையாவது மாற்றல் செய்தால், தண்ணியில்லாக் காட்டுக்குத் தூக்கிப் போட்டுட்டாங்கன்னு சொல்லுவாங்க. கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும். ஒருவர் இந்த ஊர்ப் பெயரையே தன் பெயருக்கு முன்னால் வைத்துக்கொண்டு பெரிய பெரிய மேடைகளில் உட்கார்ந்தார். அவர்தான் மிருதங்க வித்வான் இராமநாதபுரம் சி.எஸ். முருகபூபதி.

1914-ல் பிறந்தார். அப்பா பெயர் சித்சபை சேர்வை. அவர் புதுக்கோட்டை மான்பூண்டியா பிள்ளையிடம் கற்றவர். கஞ்சிராவைக் கச்சேரி மேடைக்குக் கொண்டுவந்தவர் அந்த மான்பூண்டியா பிள்ளைதான். (கஞ்சிராவுக்கு முன்பெல்லாம் உடும்புத் தோல் கட்டினார்களாம். பாவம் உடும்பு!) முருகபூபதிக்கு அப்பாவே குரு. உடன்பிறந்த சங்கரசிவம் பாட்டுப் பக்கம் போய்விட்டார். மதுரை டி.என். சேஷகோபாலனுக்குச் சொல்லிக்கொடுத்தவர் அவர்தான். ஒரே வீட்டில் பாட்டும் தாளமும்! அக்கம்பக்கத்து வீட்டுக்காரங்க கொடுத்துவைத்தவங்க.

மிருதங்கம் சும்மா தட்டினால் பேசாது. பலாமரத்தைக் குடைந்து செய்வார்கள். வலது பக்கம் வலந்தலை, அதன் நடுவில் கறுப்பாக வட்டமாக இருக்கும். இடது பக்கம் தொப்பி. வாசிக்கும் முன்னால் தொப்பியில் ரவையைத் தண்ணீர் விட்டுப் பிசைந்து அப்புவார்கள். நம்ம உப்புமா ரவையேதான்! அது ஒட்டியிருந்தால்தான் கும்மென்று கனமான சத்தம் வரும். கச்சேரி முடிந்ததும் சுரண்டி எடுத்துவிடுவார்கள்.

முருகபூபதியின் வாசிப்பில் அந்த நாதம்தான் விசேஷம். பாடுகிறவரை அமுக்காமல், பாட்டோடு சேர்ந்தே போவார். பாலக்காடு மணி ஐயர், பழனி சுப்பிரமணிய பிள்ளை, இவர் என்று மூன்று பேரையும் மிருதங்கத்தின் மும்மூர்த்திகள் என்பார்கள். பழனி இடது கைக்காரர் என்பது எனக்குப் பிடித்த செய்தி, ஏன்னா நானும் இடது கைதான். முருகபூபதிக்கு 1973-ல் பத்மஸ்ரீ, 1975-ல் சங்கீத நாடக அகாதமி விருது கிடைத்தன. 1998-ல் காலமானார்.

இதையெல்லாம் நான் ஏன் தேடினேன் தெரியுமா? பெஞ்சில் தாளம் போட்டேன் என்று ஒரு நாள் வகுப்புக்கு வெளியே நின்றேன். அது என் தப்புதான், பாடம் நடந்துகொண்டிருந்தது. ஆனால் பொட்டப்புள்ளைக்கு எதுக்குடி கொட்டு என்று தெருவில் ஒருத்தர் கேட்டதுதான் மனசில் குத்திக்கொண்டே இருந்தது. பதில் மான்பூண்டியா பிள்ளையின் வழியிலேயே கிடைத்தது. அவருடைய இன்னொரு சீடர் புதுக்கோட்டை தட்சிணாமூர்த்தி பிள்ளை. அவரிடம் மிருதங்கம் கற்று மேடை ஏறியவர் திருக்கோகர்ணம் ரங்கநாயகி அம்மாள். 1910-ல் பிறந்தவர், முருகபூபதியை விட நாலு வயது மூத்தவர்!

அந்தத் தெருக்காரர்கிட்ட இதை இன்னும் சொல்லவில்லை. அவரோட பொண்ணு நம்ம பள்ளிக்கூடத்தில் ஏழாம் வகுப்பு. இந்தத் தாளை அவளே படித்துவிட்டு வீட்டில் போய்ச் சொல்லட்டும்.