ஜான் ஆபிரகாம் வரலாறு

நம் காரைக்கால் நகரத்தார் ஆண்டுதோறும் ஆனித் திங்களில் மாங்கனித் திருவிழாக் கொண்டாடி, உடைமையும் உருவும் துறந்து தாம் பற்றிய ஒன்றையே பற்றி நின்ற அம்மையாரைப் போற்றுகின்றனர். இத்தகைய ஊரில் வாழும் நமக்கு, தம் கலையொன்றையே பற்றி நின்ற ஒரு திரைப்படக் கலைஞரின் வரலாறு அயலாகத் தோன்றாது.

ஜான் ஆபிரகாம் 1937ஆம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 11ஆம் நாள் மலையாள நாட்டிற் பிறந்தார். ஆயுள் காப்பீட்டுக் கழகத்தில் உத்தியோகம் வாய்த்தும், அவர் மனம் அதில் நிலைகொள்ளவில்லை. அதனை விடுத்துப் புனா நகரத்துத் திரைப்படக் கல்லூரியை அடைந்து, வங்காளத்து ரித்விக் கட்டக்கிடம் பாடங்கேட்டார். பின்னர் மணி கௌல் என்பார் எடுத்த 'உஸ்கி ரோட்டி' (1969) என்னும் படத்திற்குத் துணைபுரிந்து, 1972இல் 'வித்யார்த்திகளே இதிலே இதிலே' என்னும் தம் முதற்படத்தை மலையாளத்தில் எடுத்தார்.

1977இல் அவர் தமிழில் எடுத்தது 'அக்கிரகாரத்தில் கழுதை'. கல்லூரிப் பேராசிரியர் ஒருவர் தாயிழந்த கழுதைக்குட்டியைப் பரிவுடன் வளர்க்கிறார். பிறர் நகைக்கவே, அதனைத் தம் ஊர் அக்கிரகாரத்திற்குக் கொண்டுசென்று, ஊமைப்பெண் ஒருத்தியின் காவலில் விடுகிறார். ஊரார் தம் துன்பங்களுக்கெல்லாம் அவ்வாயில்லாப் பிராணியே காரணமென்று அடித்துக் கொல்கின்றனர். பின்பு அதனையே தெய்வமாக்க முற்படுகின்றனர். பிரெஞ்சு நாட்டு ரொபேர் பிரெசோன் 1966இல் எடுத்த கழுதைக்கதையே இதற்குத் தூண்டுகோலென்பர். 1954 வரை பிரெஞ்சு ஆட்சியிலிருந்த நம் ஊரார்க்கு இத்தொடர்பு சுவை பயப்பதாம். வெங்கட் சாமிநாதன் கதையுரை எழுத, இசைவல்லார் எம். பி. சீனிவாசன் பேராசிரியராக நடித்தார். ஒருசாரார் இப்படத்தை வெறுத்தனர். எனினும் அவ்வாண்டின் சிறந்த தமிழ்ப்படம் என்னும் தேசிய விருது இதற்கே கிடைத்தது.

முதலிடுவோன் விருப்பிற்கேற்பக் கலை வளைந்துவிடும் என்பது யாவரும் அறிந்ததே. இதற்கு ஜான் கண்ட மாற்று வியப்பிற்குரியது. 1984இல் நண்பருடன் 'ஒடேசா' என்னும் குழுவை நிறுவி, ஊர் ஊராகச் சென்று படங்களைக் காட்டி, பொதுமக்களிடம் சிறுகச் சிறுகப் பொருள் திரட்டினார். அப்பொருளால் பிறந்ததே 'அம்ம அறியான்' (1986). இறந்து கிடந்த இளைஞனொருவனின் தாய்க்குச் செய்தி சொல்லப் புறப்படும் ஒருவனோடு, வழிநெடுகப் பலரும் சேர்ந்து நடப்பதே அதன் கதை. பொருளீந்த மக்களிடமே படமும் மீண்டு சென்றது.

1987ஆம் ஆண்டு மே மாதம் 31ஆம் நாள், ஐம்பது வயது நிறையுமுன், கோழிக்கோட்டில் மாடியினின்று வீழ்ந்து அவர் உயிர்நீத்தார். அவர் முடித்த முழுநீளப் படங்கள் நான்கே. குடியும் கட்டுப்பாடற்ற வாழ்வும் அவர் ஆற்றலைக் குறைத்தன என்பதை நாம் மறைத்தல் தகாது. அவ்வழியை மாணவர் விலக்குவாராக. ஆயினும், செல்வர் தயவின்றி நற்கலை தழையாது என்னும் எண்ணத்தை, எளியோர் தந்த சில்லறைக் காசுகொண்டே அவர் பொய்யாக்கினார். கைப்பொருள் இல்லையென்று நன்முயற்சியைக் கைவிட நினைக்குந்தோறும், அச்சில்லறையை நாம் நினைவிற் கொள்வோமாக.