லாட்டரிப் பணத்தில் பிறந்த படம்

ஸ்பெயின் நாட்டில் இரண்டு நண்பர்கள் இருந்தார்கள். ஒருவர் சினிமா டைரக்டர். மற்றவர் ஓவிய ஆசிரியர். டைரக்டருக்கு ஒரு படம் எடுக்க ஆசை. கையில் பணம் இல்லை. தனக்கு லாட்டரியில் பரிசு விழுந்தால் அந்தப் பணத்தைத் தருவதாக ஆசிரியர் வாக்குக் கொடுத்தார்.

கேட்பவருக்குச் சிரிப்புத்தான் வரும். ஆனால் பரிசு விழுந்தே விட்டது! ஆசிரியர் சொன்ன சொல் தவறவில்லை. 20 ஆயிரம் பெசெட்டா பணத்தை நண்பரிடம் கொடுத்தார்.

கொடுத்தவர் பெயர் ராமோன் அசின். வாங்கியவர், பின்னால் உலகப் புகழ் பெற்ற டைரக்டர் லூயி புனுவல்.

கதை இல்லாத படம்

புனுவல் 1900-ம் ஆண்டு பிப்ரவரி 22-ந் தேதி கலண்டா என்ற சிற்றூரில் பிறந்தார். ஏழு பிள்ளைகளில் மூத்தவர். தந்தை கியூபாவில் வியாபாரம் செய்து பொருள் சேர்த்தவர்.

மாட்ரிட் நகரில் படித்தபோது, மாணவர் விடுதியில் கவிஞர் லோர்காவும் ஓவியர் டாலியும் நண்பர்கள் ஆனார்கள். 1925-ல் புனுவல் பாரீஸ் சென்றார். அங்கு ஒரு ஜெர்மன் படத்தைப் பார்த்ததும், இனிச் சினிமாதான் தன் தொழில் என்று முடிவு செய்தார்.

1929-ல் தாயார் கொடுத்த பணத்தில் முதல் படத்தை எடுத்தார். அதன் பெயர் "ஆண்டலூசிய நாய்". டாலியும் சேர்ந்து எழுதிய சிறிய படம் அது. கனவில் வருவதுபோல் காட்சிகள் வரும், கதை கிடையாது. எடிட்டிங் வேலையையும் புனுவலே செய்தார். அடுத்த படத்துக்கு எதிராகப் பாரீசில் கலகமே நடந்தது. போலீசார் அதற்குத் தடை போட்டார்கள்.

சமையலறை மேஜை

அசின் கொடுத்த பணத்துடன் 1933-ல் புனுவல் லாஸ் ஹுர்தேஸ் என்ற மலைப்பகுதிக்குப் போனார். பசியும் நோயும் குடியிருந்த கிராமங்கள் அவை. அந்த ஏழைகளின் வாழ்க்கையை அவர் படம் பிடித்தார். சில காட்சிகள் படத்துக்காக ஏற்பாடு செய்யப்பட்டவை என்ற குறை பின்னால் கூறப்பட்டது. ஆனால் அங்கு நிலவிய வறுமை உண்மை.

பிடித்த பிலிமைத் துண்டு துண்டாக வெட்டி, வரிசைப்படுத்தி ஒட்டுவதுதான் அந்தக் காலத்து எடிட்டிங். அதற்கென்று எந்திரம் இருந்தது. அதை வாடகைக்கு எடுக்கவும் பணம் இல்லை. ஆகவே புனுவல் சமையலறை மேஜையில் பிலிமைப் பரப்பினார். பூதக்கண்ணாடியால் பார்த்துப் பார்த்து வெட்டி ஒட்டினார்.

அரை மணி நேரம்கூட ஓடாத படம். ஆனால் நாட்டின் மானத்தைக் கெடுப்பதாகக் கூறி அரசாங்கம் அதைத் தடை செய்தது.

1936-ல் உள்நாட்டுப் போர் மூண்டது. ஆகஸ்டு மாதம் பிராங்கோவின் ஆட்கள் அசினைச் சுட்டுக் கொன்றார்கள். அதே மாதத்தில் அவர் மனைவியையும் கொன்றார்கள். இரண்டு பெண் குழந்தைகள் அனாதை ஆனார்கள்.

போன வேலை, வந்த புகழ்

புனுவல் அமெரிக்காவுக்குப் போனார். நியூயார்க் நகரின் நவீனக் கலைக் காட்சிசாலையில் வேலை கிடைத்தது. ஹிட்லர் கட்சியின் நீண்ட பிரசாரப் படத்தை வெட்டிச் சுருக்கியது அங்கு அவர் செய்த பணிகளில் ஒன்று.

பழைய நண்பர் டாலி ஒரு புத்தகம் வெளியிட்டார். புனுவல் கடவுள் நம்பிக்கை இல்லாதவர் என்று அதில் எழுதினார். எதிர்ப்புக் கிளம்பியது. 1943-ல் புனுவல் வேலையை விட்டு விலகினார். ஒரு நண்பரின் சொல்லால் படம் பிறந்தது. இன்னொரு நண்பரின் சொல்லால் பிழைப்புப் போனது!

1946-ல் மெக்சிகோவில் குடியேறினார். அங்கே சேரிகளில் பல நாள் சுற்றினார். தெருச் சிறுவர்களைப் பற்றி 1950-ல் "மறக்கப்பட்டவர்கள்" என்ற படத்தை எடுத்தார். படப்பிடிப்பு 21 நாட்களில் முடிந்தது. நாட்டைக் கேவலப்படுத்திவிட்டார் என்று அங்கும் பலர் கொதித்தார்கள். சில நாட்களில் படம் தியேட்டரை விட்டுப் போனது. ஆனால் 1951-ல் கான் திரைப்பட விழாவில் சிறந்த டைரக்டர் பரிசு அவருக்குக் கிடைத்தது. ஏசியவர்கள் வாயடைத்துப் போனார்கள்.

1961-ல் ஸ்பெயினுக்குத் திரும்பி "விரிடியானா" எடுத்தார். அது கான் விழாவின் முதல் பரிசைப் பெற்றது. ஸ்பெயினிலோ தடை! அந்தத் தடை 1977 வரை நீடித்தது. 1972-ல் பிரான்சில் எடுத்த படம் ஆஸ்கார் பரிசு பெற்றது. 1983-ம் ஆண்டு ஜூலை 29-ந் தேதி மெக்சிகோ நகரில் புனுவல் காலமானார். அப்போது அவருக்கு வயது 83.

தீர்ந்த கடன்

2003-ல் யுனெஸ்கோ நிறுவனம், உலகம் பாதுகாக்க வேண்டிய நினைவுச் செல்வங்களின் பட்டியலில் "மறக்கப்பட்டவர்கள்" படத்தைச் சேர்த்தது.

புனுவலும் ஒருவரை மறக்கவில்லை. சமையலறை மேஜையில் வெட்டி ஒட்டிய அந்தச் சிறு படத்தால் பின்னால் பணம் வந்தது. கடன் கொடுத்தவர் உயிரோடு இல்லை. கணக்குக் கேட்கவும் ஆள் இல்லை. ஆனாலும் அசின் கொடுத்த பணத்தை, அவருடைய இரண்டு பெண்களிடமும் புனுவல் திருப்பிக் கொடுத்தார்.