நாடியறிந்த ஹகீம் இப்னு ஸீனா

ஹகீம் இப்னு ஸீனாவின் பெயரைக் கேள்விப்படாத முஸ்லிம் இல்லங்கள் குறைவு. ஹிஜ்ரி 370-ல் (கி.பி. 980) புகாராவை அடுத்த அஃப்ஷனாவில் பிறந்தார். பத்து வயதிலேயே குர்ஆனை மனனம் செய்தார். இளம் வயதிலேயே மன்னர் நூஹ் இப்னு மன்ஸூருக்கு வைத்தியம் பார்த்தார். அதன் பயனாக அரண்மனை நூலகம் அவருக்குத் திறந்துவிடப்பட்டது. விளங்காத விஷயம் குறுக்கிட்டால் பள்ளிவாசலுக்குச் சென்று தொழுது துஆ கேட்பார். அவருடைய தத்துவக் கொள்கைகள் சிலவற்றை இமாம் கஸ்ஸாலி (ரஹ்) அவர்கள் மறுத்துள்ளார்கள். அந்த மறுப்பு அவருடைய மருத்துவத்தைப் பற்றியதன்று.

நாம் இங்கு சொல்ல வந்தது அவருடைய நாடி ஞானத்தை. 'அல்கானூன்' என்னும் பெருநூலில் நாடியைப் பத்து வகையில் ஆராய்கிறார். சங்கீதத்தைப் போல நாடிக்கும் தாளக்கட்டு உண்டு என்கிறார். மார்கழியில் மயிலாப்பூர், தியாகராய நகர் வீதிகளில் போகிறவர் காதில் மிருதங்க ஒலி விழும். அதில் ஒரு தட்டுத் தவறினாலும் தெரிந்துவிடுமல்லவா? அப்படியே தாளம் தப்பிய நாடிகளை மான் துள்ளல், எறும்பு ஊர்தல், அலை என்று பெயரிட்டுப் பிரித்தார்.

இதயத்தின் வலது மேலறையில் தானே மின்துடிப்பை எழுப்பும் சிறு திசு இருப்பதை 1907-ல் கீத், ஃப்ளாக் என்ற இருவர் கண்டனர். ஓய்வாக இருக்கையில் நிமிடத்திற்கு 60 முதல் 100 முறை அது துடிக்க வைக்கிறது. நாம் உறங்கினாலும் அது உறங்குவதில்லை. ஸுப்ஹானல்லாஹ்! மேலறைகள் ஒழுங்கிழந்து படபடத்தால் அங்கே இரத்தம் தேங்கி உறையும். அக்கட்டி மூளைக்குச் சென்றால் பக்கவாதம்.

ஆகவே வயதானவர்கள் அவ்வப்போது ஃபஜ்ருக்குப் பின் மணிக்கட்டில் விரல் வைத்து ஒரு நிமிடம் எண்ணிப் பார்க்கட்டும். துடிப்பு ஒழுங்கற்றிருந்தால் தாயத்துடன் நின்றுவிடாமல் ராயப்பேட்டை அரசு மருத்துவமனையிலோ அருகிலுள்ள டாக்டரிடமோ காட்டி இ.சி.ஜி. எடுக்க வேண்டும். மயக்கமோ நெஞ்சுவலியோ சேர்ந்து வந்தால் சற்றும் தாமதிக்கலாகாது.

இப்னு ஸீனா இறுதி நோயில் தருமம் செய்தார். அடிமைகளை விடுதலை செய்தார். மூன்று நாளைக்கொரு முறை குர்ஆனை ஓதி முடித்தார். ஹிஜ்ரி 428 (கி.பி. 1037) ரமளானில் ஹமதானில் வபாத்தானார். அதே ரமளான் வந்ததும் இதய மாத்திரைகளைத் தாமாகவே நிறுத்திவிடும் பெரியவர்கள் நம்மிடையே உண்டு. இது தக்வா அன்று. டாக்டரைக் கேட்டு நேரத்தை மாற்றிக்கொள்ளலாம். இயலாவிடில் பின்னர் களாச் செய்யலாம். குணமாகும் நம்பிக்கையே இல்லாதவருக்கு ஃபித்யா உண்டு. அல்லாஹ் அளித்த சலுகையை ஏற்பதும் வணக்கமே.

வல்ல அல்லாஹ் நம் இதயங்களைச் சீராகவும் ஸலாமத்தாகவும் ஆக்கி வைப்பானாக! ஆமீன்.