கடற்படை கேட்ட பத்திரிகாசிரியர்

ஒரு நாட்டின் கடற்படை கப்பல் கட்டும் துறையிலேதான் பிறக்கிறது என்று எண்ணுகிறோம். பத்திரிகை அலுவலகத்தின் மேசையிலும் அது பிறக்கக்கூடும் என்று காட்டியவர் வில்லியம் தாமஸ் ஸ்டெட்.

வட இங்கிலாந்தின் எம்பிள்டன் என்னும் சிற்றூரில், 1849ஆம் ஆண்டு ஜூலை 5ஆம் நாள், ஒரு பாதிரியாரின் மகனாக அவர் பிறந்தார். இளமையில் ஒரு வணிகரிடம் வேலை பழகினார். இருபத்திரண்டு வயது நிறைவதற்குள், 1871இல், டார்லிங்டன் நகரின் ‘நார்தர்ன் எக்கோ’ பத்திரிகைக்கு ஆசிரியரானார். 1880இல் லண்டனுக்கு வந்து ‘பால் மால் கெஜட்’ என்ற மாலைப் பத்திரிகையில் துணையாசிரியராக அமர்ந்தார். 1883இல் அதன் ஆசிரியர் பொறுப்பு அவர் கைக்கு வந்தது. அதன் விற்பனை பெரிதன்று. ஆனால் அமைச்சர்களும் பாராளுமன்ற உறுப்பினர்களும் படிக்கும் பத்திரிகை அது.

அப்போது பிரதமர் கிளாட்ஸ்டன் சிக்கனத்தில் உறுதியானவர். கடற்படை அமைச்சர் நார்த்புரூக் பிரபு, 1872 முதல் 1876 வரை நம் நாட்டில் வைசிராயாக இருந்தவர். கூடுதலாகச் சில மில்லியன் பவுன் கிடைத்தாலும் அதை எப்படிச் செலவிடுவதென்று தமக்குத் தெரியாது என்ற பொருள்படப் பிரபுக்கள் சபையில் அவர் பேசியிருந்தார். ஆர்னால்டு பாஸ்டர் என்பவர் தூண்ட, ஸ்டெட் கடற்படையின் நிலையை ஆராயத் துணிந்தார். பீரங்கிப் பயிற்சிக் கப்பலின் தலைவராயிருந்த ஜான் பிஷர் மறைமுகமாகச் செய்திகள் தந்து உதவினார்.

1884 செப்டம்பரில் ‘கடற்படையைப் பற்றிய உண்மை’ என்ற தலைப்பில் கட்டுரைகள் வெளிவந்தன. எத்தனை போர்க்கப்பல்கள், அவற்றின் வயதென்ன, பிரான்சிடம் உள்ளவை எத்தனை, கப்பல்கள் நிலக்கரி நிரப்பும் அயல்நாட்டுத் துறைகளுக்குக் காவல் உண்டா என்றெல்லாம் அவை கணக்கெடுத்தன. மற்றப் பத்திரிகைகளும் குரலெழுப்பின. டிசம்பரில் அரசாங்கம் பணிந்து, ஏறக்குறைய 55 லட்சம் பவுன் கூடுதல் செலவுக்கு இசைந்தது.

விஞ்ஞான மாணவன் இங்கே சற்று நிற்க வேண்டும். எண்கள் மெய்யாயிருக்கலாம், எந்த எண்ணை எதன் அருகில் வைக்கிறோம் என்பதில்தான் முடிவு தங்கியிருக்கிறது. இரு நாட்டுக் கப்பல்களை அடுத்தடுத்து எழுதிவிட்டால் படிப்பவன் உள்ளத்தில் அச்சம் தானே எழுகிறது. பிரான்சின் வலிமையை இங்கிலாந்து அன்று மிகையாகவே மதித்தது என்று பிற்கால வரலாற்றாசிரியர் பலர் கருதுகின்றனர்.

ஒருமுறை எழுந்த அச்சம் எளிதில் அடங்கவில்லை. அடுத்த இரு கடற்படைகளின் கூட்டு வலிமைக்கு ஈடாகத் தன் படை இருத்தல் வேண்டும் என்ற கொள்கையை 1889ஆம் ஆண்டுச் சட்டத்தால் இங்கிலாந்து ஏற்றது. அதற்கு ஒதுக்கிய தொகை 2 கோடியே 15 லட்சம் பவுன். 1895இல் அங்கே கடற்படைக் கழகம் தோன்றித் தனக்கென இதழ் நடத்தியது. 1898இல் ஜெர்மனியிலும் அத்தகைய கழகம் பிறந்தது. ‘டீ பிளாட்டே’ என்ற அதன் இதழ் பெரிய கப்பற்படையின் தேவையை வீடுதோறும் ஓதிற்று. ஸ்டெட் கையாண்ட வழி இப்போது எதிர்க்கரையிலும் பயன்பட்டது.

ஆனால் ஸ்டெட் போர்வெறியர் அல்லர். ஏழைச் சிறுமியர் விலைக்கு விற்கப்படுவதை 1885இல் வெளிப்படுத்தி, பெண்ணின் சம்மத வயதைப் 13இலிருந்து 16ஆக உயர்த்தும் சட்டம் நிறைவேறத் துணைநின்றார். அதை மெய்ப்பிக்கக் கையாண்ட முறைக்காக மூன்று மாதச் சிறையும் ஏற்றார். 1890இல் ‘ரெவ்யூ ஆப் ரெவ்யூஸ்’ என்ற திங்களிதழைத் தொடங்கினார். 1899இல் ஹேக் நகரில் சமாதான மாநாடு கூடியபோது அதற்காக ஓயாது உழைத்தார். அதே ஆண்டு மூண்ட போயர் யுத்தத்தைத் தம் நாட்டாரின் வெறுப்புக்கு அஞ்சாமல் எதிர்த்தார்.

வலிய கடற்படையும் நாடுகளிடையே நடுவர் தீர்ப்பும் சேர்ந்தே அமைதியைக் காக்கும் என்பது அவர் நம்பிக்கை. ஆகவேதான், எதிரி ஒரு கப்பல் கட்டினால் நாம் இரண்டு கட்டுவோம் என்று 1909இலும் வாதாடினார். எதிர்க்கரையில் இருப்பவனும் அதே நியாயத்தைப் பேசுவான் என்பதற்கு அவரிடம் விடையில்லை.

1886இல், உயிர்காக்கும் படகுகள் போதாமல் ஒரு கப்பலின் பயணிகள் மாள்வதாகக் கற்பனைக் கதை ஒன்றைத் தம் பத்திரிகையில் அவர் வெளியிட்டார். 1912 ஏப்ரலில், நியூயார்க்கில் நடக்கவிருந்த சமாதானக் கூட்டத்தில் பேச அவர் ஏறிய கப்பல் ‘டைட்டானிக்’. ஏறத்தாழ 2,200 பேர் சென்ற அக்கப்பலின் படகுகளில் 1,178 பேருக்கே இடமிருந்தது. அந்த எண்களை ஒப்பிட்டுக் கேட்கும் குரல் அன்று போதிய அளவு ஓங்கவில்லை. ஏப்ரல் 15ஆம் நாள் ஸ்டெட்டும் கடலில் மறைந்தார். இரண்டாண்டு கழித்து உலக யுத்தம் மூண்டது.

கப்பல்களின் எண்ணிக்கையை மக்கள் கண்முன் நிறுத்திய அவரது துணிவை நாம் போற்றலாம். அந்த எண்கள் நம்மை எங்கே இட்டுச்செல்கின்றன என்று கேட்பது படிப்பவரின் கடமை.