மீண்டும் கிடைத்த படச்சுருள்

டென்மார்க்கின் தலைநகரான கோப்பன்ஹேகனில் 1889ஆம் ஆண்டு பிறந்தவர் கார்ல் தியோடர் டிரையர். பெற்ற தாயிடம் வளரும் பேறு அவருக்குக் கிட்டவில்லை. அச்சகத்தில் எழுத்துக் கோக்கும் தொழிலாளி ஒருவர் அவரைத் தத்தெடுத்துத் தம் பெயரையே சூட்டினார்.

இளமையில் செய்தியாளராக இருந்த டிரையர், பின்னர் நோர்டிஸ்க் திரைப்பட நிறுவனத்தில் எழுத்தாளராகச் சேர்ந்தார். அது ஊமைப்படக் காலம். நடிகர்களின் பேச்சு, காட்சிகளுக்கிடையே சில வரிகளாகத் திரையில் தோன்றும். அவ்வரிகளை எழுதுவதும் திரைக்கதை அமைப்பதும் அவருடைய பணி. கட்டுரையைச் சுருக்கி எழுதத் திணறிய அனுபவம் உள்ளவர்களுக்கு அப்பணியின் கடினம் புரியும்.

பிறகு அவரே படங்களை இயக்கினார். 1431ஆம் ஆண்டு உயிரோடு எரிக்கப்பட்ட ஜோன் ஆஃப் ஆர்க் என்ற இளம்பெண்ணைப் பற்றி பிரான்சில் படமெடுக்கும் வாய்ப்பு வந்தது. வசனங்களைக் கற்பனையாக எழுதுவது எளிது. டிரையரோ ஜோனின் வழக்கு விசாரணைப் பதிவுகளைத் தேடிப் படித்து, அவற்றிலிருந்தே திரைக்கதையை உருவாக்கினார். பல நாள் நடந்த விசாரணை, படத்தில் ஒரே நாளில் நடப்பதுபோல் சுருங்கியது. நடிகர்களுக்கு ஒப்பனை இல்லை. அவர்களின் முகங்களை மிக அருகிலிருந்து படம்பிடித்தார்.

1928ஆம் ஆண்டு படம் வெளிவந்தது. அதே ஆண்டு பெர்லினில் ஏற்பட்ட தீயில் மூலச்சுருள் எரிந்துபோனது. டிரையர் மனம் தளரவில்லை. பயன்படுத்தாமல் ஒதுக்கி வைத்திருந்த காட்சிகளைக் கோத்து, படத்தை மீண்டும் உருவாக்கினார். அதுவும் தீக்கிரையானது.

1932ஆம் ஆண்டு வெளிவந்த அடுத்த படமும் தோல்வியுற்றதால், பதினோர் ஆண்டுகள் அவருடைய முழுநீளப் படம் எதுவும் வரவில்லை. செய்தித்தாள் வேலைக்கே திரும்பினார். 1955ஆம் ஆண்டில்தான் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்க விருது அவரைத் தேடி வந்தது. இயேசுவின் வாழ்க்கையைப் படமாக்க அவர் எழுதிய திரைக்கதை, கடைசிவரை படமாகவில்லை.

1968ஆம் ஆண்டு டிரையர் காலமானார். பதின்மூன்று ஆண்டுகளுக்குப் பின், நார்வேயில் ஒஸ்லோவுக்கு அருகிலுள்ள மனநல மருத்துவமனையொன்றில், அலமாரிக்குள் சில படப்பெட்டிகள் கிடைத்தன. அவற்றுள் இருந்தது, எரிந்துபோன மூலச்சுருளிலிருந்து முன்பே எடுக்கப்பட்ட ஜோன் படத்தின் பிரதி.