தாயுமான தந்தை

மால்குடி என்னும் கற்பனை ஊரைப் படைத்த ஆங்கில நாவலாசிரியர் ஆர். கே. நாராயண், 1906ஆம் ஆண்டு சென்னையில் பிறந்தார். 1933இல் கோவைக்கு வந்திருந்தபோது, தெருக்குழாயில் நீர் முகந்துகொண்டிருந்த இராஜம் என்னும் நங்கையைக் கண்டு உள்ளம் பறிகொடுத்தார். சாதகம் பொருந்தவில்லை எனத் தடை எழுந்தது. எனினும் திருமணம் நிகழ்ந்தது.

அந்த இல்லறம் நீடிக்கவில்லை. 1939இல் டைபாய்டு காய்ச்சல் இராஜத்தம்மையாரின் உயிரைக் கவர்ந்தது. துயரில் ஆழ்ந்த நாராயணின் எழுதுகோல் ஓய்ந்தது. ஆயினும், மூன்று வயது மகள் ஹேமா தாயற்று நின்றாள். மைசூரில் கூட்டுக் குடும்பத்தின் துணையோடு அவளை வளர்ப்பதே அவர்தம் முதற்கடமை ஆயிற்று. மறுமணத்தை அவர் நாடவில்லை. மகளைப் பேணப் பேண, தளர்ந்த நெஞ்சமும் மெல்லத் தேறியது.

1945இல், மனைவியை இழந்த ஆசிரியர் ஒருவர் மகளை வளர்த்து மனந்தேறும் கதையை ‘தி இங்கிலீஷ் டீச்சர்’ என்னும் நாவலாக்கினார். அதனை இராஜத்தம்மையாருக்கே உரிமையாக்கினார். தம் துயரைத் தாங்கிக்கொண்டு பிறர்க்கு நிழலாவோர், அந்நிழலிலேயே தாமும் இளைப்பாறுவர்.